தொட்டி சீன்

காலைக் காட்சி முடிந்து கிளம்பிய நவநீதனின் காரை, ஆம்பூர் தியேட்டர் வாசலிலேயே ஒரு பெண் மறித்தாள். அவள் கையில் கல் இருக்கிறதா என்றுதான் முதலில் பார்த்தான். அவன் எடுத்த மூன்று பேய்ப் படங்களுக்கும் கல்லெறி, வழக்கு, கொடும்பாவி எல்லாம் ஆகியிருந்தது. இது நான்காவது.

கண்ணாடியைப் பாதி இறக்கினான்.

"எந்தக் கட்சிம்மா நீங்க?"

"கட்சி இல்ல சார். அந்தத் தொட்டி சீனு..."

"வெட்டணுமா? சென்சார் சொல்லியே வெட்டாதவன் நான். அதுல இன்னா தப்பு? தோல் கம்பெனி கழிவுத் தொட்டில ஒருத்தன் எறங்குறான், பேய் இழுத்துக்குது. ஒரு சொட்டு ரத்தம் கூட இல்ல!"

"வெட்ட வேணாம் சார். இன்னும் கொஞ்சம் போடுங்க."

இத்தனை வருடத்தில் யாரும் அவனிடம் இப்படிக் கேட்டதில்லை.

"எறங்குனது எங்க வூட்டுக்காரரு, கனகராஜ். டெய்லி எறங்குற ஆளுதான்னு நீங்கதான் கூப்ட்டு நடிக்க வெச்சீங்க."

"அட, கனகராஜா! பிரமாதமா பண்ணாரே. படம் பாக்க வரலியா?"

"போன மாசம் கம்பெனித் தொட்டில எறங்குனாரு சார். வெஷவாயு தாக்கிடுச்சு. ஏறவே இல்ல."

நவநீதன் காரை விட்டு இறங்கினான்.

"ஷூட்டிங் அன்னிக்கு நானும் அங்கதான் நின்னுக்கினு இருந்தேன். நீங்க 'கட்' சொன்னதும் சிரிச்சிக்கினே மேல ஏறி வந்தாரு. அதையும் சேத்துப் போடுங்க சார். ஒரே ஒரு தடவ பாத்துக்கறேன்."

அன்று நவநீதன் 'கட்' சொன்னதும் கேமராவை நிறுத்தியிருந்தார்கள்.