வரிசையில் இருந்த உடைந்த பக்கெட்

காலடிப்பேட்டைத் தெருவில் தண்ணீர் லாரி நிற்கிறது. வரிசைக் குடங்களின் மேல் காலை வெயில் மினுங்குவதை நான் படம் பிடித்துக்கொண்டிருக்கிறேன். வரிசையின் முன்னால் இருந்த உடைந்த பக்கெட் காட்சியைக் கெடுக்கிறதென்று, லாரி வருமுன் நான்தான் அதைச் சுவரோரம் நகர்த்தினேன். அது காத்தூன் பீவி இடம் பிடிக்க வைத்தது என்று இப்போதுதான் தெரிகிறது. கடைசியில் நிற்பவருக்குத் தண்ணீர் மிஞ்சுவதில்லை. குடங்களோடு ஓடிவந்த காத்தூன் பீவியைப் பெண்கள் முன்னால் நிற்க விடவில்லை. "பக்கெட்டே காணோம், இன்னா எடம்? பின்னால போ காத்தூனு!" அவர் நேராக என்னிடம் வருகிறார். "நைனா, காலைலேர்ந்து படம் புடிச்சிகினு கீறியே, என் பக்கெட்ட எவ நவுத்தினான்னு அதுல பாத்துச் சொல்லேன்." பார்க்காமலே தெரியும், முதல் காட்சியில் இருப்பது என் கை. "சார்ஜ் தீர்ந்துபோச்சுங்கம்மா" என்கிறேன். கேமராவின் சிவப்பு விளக்கு அவர் முகத்துக்கு நேரே எரிந்துகொண்டிருக்கிறது.