விழாத கமான்சி

கௌபாய் கதாநாயகன் ஒருமுறை சுட்டால் பதினெட்டுக் கமான்சி செவ்விந்தியர்கள் செத்தாக வேண்டும். அப்படி அந்த வேஷத்தில் நாலாயிரம் தடவையாவது குதிரையிலிருந்து விழுந்திருப்பார் துணைநடிகர் ஏகாம்பரம். அன்று முதன்முறையாக ஷூட்டிங் பார்க்க வந்த மனைவி மரகதம், அவர் தலையில் கோழி இறகைச் செருகிவிட்டுச் சொன்னாள்: "என் கண்ணெதிர்ல மட்டும் செத்துடாதய்யா."

துப்பாக்கி வெடித்தது. பதினேழு பேர் சாய்ந்தார்கள். ஏகாம்பரம் கடிவாளத்தை இறுக்கிக்கொண்டு நிமிர்ந்தே இருந்தார். ஆனால் வெடிச்சத்தம் கேட்டதும் படுத்துப் பழகிய குதிரை அவருக்கடியில் மெல்லப் படுத்துக்கொண்டது. அதன் இருபுறமும் காலூன்றி அவர் நின்றார். இறகு காற்றில் ஆடியது.

"விழுய்யா. இல்லன்னா நாளைலேருந்து வராத," என்று டைரக்டர் கத்தினார்.

ஏகாம்பரம் தன் மார்பைக் குனிந்து தடவிப் பார்த்தார்.

"எம்மேல படலியே சார்," என்றார்.

கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.