கடைசிக் காட்சியின் உறுமல்

"என் தங்கச்சி கல்யாணத்தைவிட அந்த ஜமைக்கா ரவுடிப் படம் உங்களுக்குப் பெரிசாப் போச்சா?" துணி மடிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டாள் கலா.

"மெதுவாப் பேசு. லண்டன்லேர்ந்து கோபாலகிருஷ்ணன் ஸ்பீக்கர்ல இருக்கான்."

"இருக்கட்டும். அவரும் நல்லாக் கேக்கட்டும்."

பிரதீப்குமாருக்கு மிச்சம் இருந்தது இரண்டே வார லீவு. அதில் கல்யாணத்துக்கு ஈரோட்டுக்குப் போவதா, படத்தின் ரசிகர் மாநாட்டுக்கு லண்டனுக்குப் போவதா என்று கடல்கடந்து வந்து குடியேறிய அந்த பாயின்ட் குக் வீட்டில் நாள் தவறாமல் சண்டை.

கிங்ஸ்டன் நகரத்துத் தாதாக்களைப் பற்றி யாரோ திருட்டுத்தனமாக எடுத்த படம் அது. எந்தத் தியேட்டரிலும் ஓடவில்லை. ஆபீஸில் கூட வேலை பார்த்த ஜமைக்காக்காரர் ஒருநாள் மட்டும் டிஸ்க்கைக் கொடுத்தார். அதைக் காப்பி எடுக்க முடியாமல், டி.வி.யில் ஓடவிட்டு, எதிரே கேமராவை நிறுத்திப் பதிவு செய்துகொண்டான் பிரதீப். அந்தப் பதிவுதான் கைமாறிக் கைமாறி லண்டன், டொரன்டோ வரைக்கும் போய், ஒரு பைத்தியக்காரக் கூட்டத்தையே உண்டாக்கிவிட்டது. பனியனில் ஹீரோ படம், போனில் வில்லன் வசனம். கலாவுக்குத் தலைவலி.

"கோவிச்சுக்காதீங்க அண்ணி," ஸ்பீக்கரில் கெஞ்சினான் கோபாலகிருஷ்ணன். "ரசிகர் மாநாட்டுல பிரதீப் பேச்சுதான் முக்கியம். 'கடைசிக் காட்சியின் உறுமல்'னு போஸ்டரே அடிச்சாச்சு."

"ஹீரோ செத்துக் கிடப்பான் கலா," பிரதீப்பின் கண்கள் விரிந்தன. "வசனம் கிடையாது, மியூசிக் கிடையாது. திடீர்னு கீழேர்ந்து ஒரு உறுமல். அது அந்த ஊரோட பசி. டைரக்டர் மேதைடி!"

"பசியா?"

"ஆமா, ஏழைங்களோட பசி."

கலாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இருப்பது ஒரே தங்கை. தாலி ஏறும்போது பக்கத்தில் நிற்கக் கொடுத்துவைக்கவில்லை என்றால் பிறகு எதற்கு இந்த வாழ்க்கை?

"லண்டனுக்கு டிக்கெட் போட்டுடவா பிரதீப்?" என்றது ஸ்பீக்கர்.

"போட்டுடு."

கலா எழுந்தாள். மடித்த துணியை சோபாவில் வீசிவிட்டு விறுவிறுவென்று சமையலறைக்குள் போனாள். சற்று நேரத்தில் உள்ளேயிருந்து ஒரு சத்தம் கிளம்பியது.

"டேய், அதேதான்!" லண்டனில் அலறினான் கோபாலகிருஷ்ணன். "கடைசிக் காட்சியைப் போட்டுட்டியா? நிறுத்தாதடா, புல்லரிக்குது!"

பிரதீப் டி.வி.யைப் பார்த்தான். அது அணைந்து கிடந்தது.

"ஈரோட்டுக்கு டிக்கெட் போடுங்க," சமையலறையிலிருந்து கலா கத்தினாள். "அன்னைக்கு நீங்க கேமராவை ஓடவிட்டுட்டுப் பாப்பாவை ஸ்கூல்லேர்ந்து கூப்பிடப் போனப்போ, இட்லிக்கு கிரைண்டர் போட்டது நான்தான்!"