நாலு மணி விசாரணை

“பொய்! நீ சொல்வது முழுக்கப் பொய்!”

பின்னேரம் நாலு மணியானால் போதும், லாசால் அடுக்குமாடியில் யோகராணியின் வீட்டுக்குள் இருந்து பிங்கம் கிழவன் இங்கிலீசில் கத்தத் தொடங்கிவிடுவான். பக்கத்து வீட்டு அக்னெசுக்குத் தேத்தண்ணி தொண்டையில் இறங்காது.

பிங்கம் மேல்மாடிக்காரன். லண்டன் மேடைகளிலும் பிறகு படங்களிலும் நாற்பது வருஷம் நடித்தவன். முகத்தைப் பார்த்தால் எங்கேயோ கண்டதுபோல இருக்கும், பேர் மட்டும் ஒருத்தருக்கும் தெரியாது.

நாலாம் நாள் அக்னெஸ் போய்க் கதவைத் தட்டினாள்.

“இஞ்சை பார் யோகராணி, நீ தனியாள் எண்டு அந்த ஆள் இந்த ஏச்சு ஏசுது. நீ என்னடாவெண்டால் வடை சுட்டுக் குடுக்கிறாய்! பொலிசுக்கு போன் அடிக்கட்டோ?”

“ஐயோ அக்கா, நான்தான் ஏசச் சொன்னனான்!”

“விசரே உனக்கு?”

“செவ்வாய்க்கிழமை என்ரை அகதிக் கேஸ் விசாரணை. போனமுறை அதிகாரி கொஞ்சம் குரலை உயர்த்தினார், எனக்கு வாயடைச்சுப் போச்சு. லோயர் கெஞ்சித்தான் இன்னொரு நாள் எடுத்தவர். இந்தமுறையும் கதைக்காட்டில் திருப்பி அனுப்பிப் போடுவாங்கள். ஐயா பத்தொன்பது படத்திலை நீதிபதியா நடிச்சவராம். அவரின்ரை சத்தத்துக்குப் பழகினால் ஆருக்கும் பயப்பிடத் தேவையில்லையாம்.”

யோகராணியின் கறுப்புச் சால்வையை அங்கிபோலப் போர்த்திக்கொண்டு கதிரையில் இருந்த பிங்கம் மேசையில் ஒரு தட்டுத் தட்டினான்.

“கோர்ட்டுக்குள் சத்தம் போடாதே!”

“சொறி சேர்” என்றாள் அக்னெஸ், தன்னையறியாமல்.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் போன் வந்தது.

“அக்கா, கேஸ் வெண்டிட்டன்! அதிகாரி கத்தவே இல்லை. ஐயாவும் காலமையிலை இருந்து விசாரணை அறைக்கு வெளியிலை வாங்கிலை குந்தியிருந்தவர். நான் வெளியிலை வர, ‘நல்லாக் கத்தினானா?’ எண்டு கேட்டார். இல்லையெண்டன். ‘நடிக்கவே தெரியாதவன்’ எண்டு ஒரே புறுபுறுப்பு!”

அக்னெசுக்குக் கண் கலங்கிவிட்டது. பொலிசைக் கூப்பிடப் பார்த்தேனே என்று வெட்கமும் வந்தது. அடுத்தநாள் சுடச்சுட மட்டன் ரோல்ஸ் பொரித்து எடுத்துக்கொண்டு மேல்மாடிக்கு ஏறினாள்.

கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே பிங்கத்துக்கு வேஷம் பிடித்துத் தருகிற ஏஜென்ட் அம்மா நின்று கத்திக்கொண்டிருந்தாள்.

“உனக்கென்ன பைத்தியமா? நாற்பது வருஷமாகத் தட்டு ஏந்துகிற வேலைக்காரன் வேஷம்தான். ஒருநாளாவது நீதிபதியாக நடிக்க வேண்டும் என்று நீதானே என் உயிரை எடுத்தாய்? காலைப் பிடித்து முதன்முதலாக ஒன்று வாங்கித் தந்தேன். நேற்று முழுப் படப்பிடிப்பும் உனக்காகக் காத்திருந்தது! எங்கே போய்த் தொலைந்தாய்?”

பிங்கம் ஐயா தலையைச் சொறிந்தார்.

“நித்திரை கொண்டுவிட்டேன்” என்றார்.