வாசலில் கத்திய பெயர்

"லியாங் ஹாவ்! நில்லுங்க! வாசலைத் தாண்டிடாதீங்க!"

மஞ்சள் கொடியைக் கையில் பிடித்தபடி ஓடினேன்.

மிங் பேரரசர்களின் கல்லறைகளில் வழிகாட்டியாக இருக்கிறேன். சுற்றிப் பார்க்க வந்தவரைத் துரத்தியது இதுதான் முதல் தடவை.

துரத்தச் சொன்னது அவனுடைய அம்மா. "பிடிம்மா அவனை! நான் பக்கத்துல இல்லாம தாண்டக் கூடாது!"

பிடிப்பது சுலபமாக இருந்தது. முப்பது வயது ஆள், வாசலுக்குச் சற்று முன்னாலேயே முழங்காலைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கி நின்றிருந்தான்.

"ஆபீஸ் நாற்காலியில உக்காந்தே கெடந்த பலன், அக்கா," என்று சிரித்தான். "சீக்காளி அம்மா. மூச்சு வாங்கறது நான். அசிங்கமா இல்ல?"

பின்னால், தேவதாரு மரங்களுக்கு நடுவே, அவன் அம்மா வெய் ஷூலான் வேகமாக வந்துகொண்டிருந்தாள்.

அந்த வாசலுக்காகத்தான் அவள் இந்த அரைநாள் சுற்றுலாவையே பதிவு செய்திருந்தாள். போனில் கேட்டது ஒரே கேள்வி. "கூட்டம் இல்லாம, நிதானமா அந்த வாசலைத் தாண்டலாமா?"

கல்லறைக்குள் இறங்கியவர், செத்தவர்களின் உலகத்துக்குள் இறங்கியவர். வெளியே வரும்போது ஆண் இடது காலையும் பெண் வலது காலையும் எடுத்து வைத்து அந்த வாசலைத் தாண்ட வேண்டும். தன் பெயரைச் சொல்லி, 'திரும்பி வந்துட்டேன்' என்று கத்த வேண்டும். உடம்பில் ஒட்டிய தூசியைத் தட்டிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடக்க வேண்டும்.

கத்தாதவர் இன்னும் உள்ளேதான் இருக்கிறார்.

"ஒரு ஆளுக்கு ஒரு கத்தல்தான், பாத்து செலவு பண்ணுங்க" என்று காரில் வரும்போது சொல்லியிருந்தேன். அது மட்டும் நானாகச் சேர்த்தது, சிரிப்புக்காக.

ஹாவ் சிரித்தான். அம்மா சிரிக்கவில்லை.

உள்ளே இறங்குவதற்கு முன், கார் நிறுத்துமிடத்தில் ஹாவ் என்னைத் தனியாக இழுத்துப் போய்க் கிசுகிசுத்தான்.

"அம்மாவுக்கு ரத்தப் புற்றுநோய், அக்கா. துணைக்கு நானும்தான் போய் டெஸ்டுக்கு ரத்தம் குடுத்தேன். ரிசல்ட் வாங்க அவங்க மட்டும் போனாங்க. எனக்கு ஒண்ணுமில்லையாம். திங்கட்கிழமை ஆஸ்பத்திரியில சேக்கணும். அதுக்கு முன்னால இங்க வந்தே ஆகணும்னு அடம். ஊர் உலகத்துல பாக்க வேற இடமே கிடைக்கல பாருங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னான். கண் மட்டும் சிரிக்கவில்லை.

அதன் பிறகு செத்துப்போன பேரரசரின் கதையை அந்த அம்மாவைப் பார்த்துச் சொல்லவே எனக்கு நா எழவில்லை.

கீழே, பூமிக்கடியில், குளிர் எலும்பைத் தொட்டது. சவப்பெட்டிகளின் முன்னால் நின்றபோது ஹாவுக்கு மூக்கில் ரத்தம் கசிந்தது. நான் பையில் கைவிடுவதற்குள் அம்மா தன் கழுத்துத் துணியால் துடைத்துவிட்டாள்.

"பெய்ஜிங் காத்து, அக்கா. காய்ஞ்சு கெடக்கு," என்றான் அவன்.

அவள் சுவரில் சாய்ந்துகொண்டாள். நோய் என்று நினைத்தேன்.

இப்போது அவள் எங்களை எட்டிவிட்டாள்.

"முதல்ல நீ," என்றாள் மகனிடம். "உன் பேரைச் சொல்லு. சத்தமா. என் காதுல விழணும்."

ஹாவ் என்னைப் பார்த்துக் கண்ணடித்தான்.

இடது காலை எடுத்து வைத்தான்.

"வெய் ஷூலான் திரும்பி வந்துட்டாங்க!"

மரத்திலிருந்த காக்கைகள் கலைந்து பறந்தன.

கோட்டுத் தூசியைப் படபடவென்று தட்டிக்கொண்டான். திரும்பிப் பார்க்காமல் கையை மட்டும் உயரே ஆட்டினான். "என் பங்கையும் உங்களுக்கே குடுத்துட்டேம்மா! இனி எமராஜனே வந்தாலும் என்னைக் கேட்டுட்டுத்தான் உங்களைத் தொடணும்!"

நான் அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். பூரித்துப் போயிருப்பாள் என்று நினைத்தேன்.

முகம் வெளுத்துப் போயிருந்தது.

"படுபாவி," என்றாள், அவனுக்குக் கேட்காத குரலில். "என்னடா பண்ணிட்டே."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "பெரியம்மா, ஒரு ஆளுக்கு ஒரு தடவைங்கிறது நான் சும்மா விட்ட கதை. கூப்பிடறேன், இன்னொரு தடவை அவர் பேரைச் சொல்லிட்டுத் தாண்டட்டும்."

"வேண்டாம். ஏன்னு கேப்பான்."

முதுகை நிமிர்த்தினாள். வலது காலைத் தூக்கி வைத்தாள்.

"லியாங் ஹாவ் திரும்பி வந்துட்டான்!"

குரல் பாதியில் உடைந்தது. போதாது என்று தோன்றியதோ என்னவோ, மறுபடியும் கத்தினாள். பிறகு இன்னொரு தடவை, தொண்டை கிழிய.

தக்காளி போலிருக்கும் சீமைப் பனிச்சைப் பழம் விற்கும் வண்டியருகே நின்ற ஹாவ், முதுகைக் காட்டியபடியே விழுந்து விழுந்து சிரித்தான்.

"ஐயோ, அம்மா! உங்க பேரைச் சொல்லணும்! கைடு அக்கா, கொஞ்சம் சொல்லிக் குடுங்க அவங்களுக்கு!"

நான் அவள் கையை மெல்லப் பிடித்தேன். "பெரியம்மா, பேரை மாத்திச் சொல்லிட்டீங்க."

அவள் மகனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அம்மாவுக்குக் கடிக்கச் சிரமம் இருக்கக் கூடாது என்று, அவன் ஒவ்வொரு பழமாக விரலால் அழுத்திப் பார்த்து, நன்றாகக் கனிந்ததைத் தேடிக்கொண்டிருந்தான்.

"இங்க மாத்தலம்மா," என்றாள். "ஆஸ்பத்திரியிலேர்ந்து ரிசல்ட்டோட வந்த அன்னிக்கு, அவன்கிட்டதான் மாத்திச் சொன்னேன்."