மேடையில் தொங்கிய சாட்சி

“எழுந்து நட!” என்று பாஸ்டர் முழங்கியதும், சக்கர நாற்காலியில் இருந்த செபமாலை திடுக்கிட்டு எழுந்து நடந்தார்.

சிலாபம் கடற்கரையே அல்லேலூயாவில் அதிர்ந்தது. அற்புதத்துக்குச் சாட்சியாக நாற்காலியை மேடைக் கூரையில் கட்டித் தொங்கவிட்டார்கள்.

கூட்டம் கலைந்த பிறகும், செபிக்க வந்த மெற்றில்டா மட்டும் மணலில் விரித்த பாயிலேயே இருந்தாள்.

“விசுவாசம் இருந்தா நீங்களும் அவரைப் போல நடக்கலாம், சகோதரி,” என்றார் பாஸ்டர்.

“அவர் பகலெல்லாம் கரைவலை இழுத்த மனுசன், பாஸ்டர். ‘கால் உளையுது, நீ பாயில இருக்கிற நேரம் நான் கொஞ்சம் இருக்கட்டோ’ எண்டு என்னட்ட கேட்டவர்.”

“எதில?”

“மேல தொங்குதே, என்ட கதிரையில. அதை இறக்கித் தந்தா நான் வீட்ட போயிருவன்.”

பாஸ்டர் அண்ணாந்து பார்த்தார்.

“சாட்சியை இறக்கக் கூடாது, சகோதரி. கண்ணை மூடுங்க, செபிப்பம்.”