குரல் மாறும் கோடு

அலெக்சாந்திரியா அருங்காட்சியகத்தின் பின்னறையில் மாலை வெயில் மேசைவரை வந்து நிற்கிறது. மணலில் கிடைத்த, நாணல் நாரால் செய்த பாப்பிரஸ் தாள் துண்டின் மேல் குனிந்து ஆய்வாளர் தஹானி உரக்க வாசிக்கிறாள். பழைய கிரேக்க நையாண்டிக் கூத்துப் பாட்டு. பேசுபவரின் பெயர் இதில் எழுதப்படுவதில்லை. வரியின் தொடக்கத்துக்குக் கீழே சின்னக் கோடு இருந்தால், அங்கே குரல் மாறுகிறது என்று பொருள். “வாடி, இப்பத்தான் என் வாசல் தெரிஞ்சுதா?” என்று கரகரப்பாகக் கேட்கிறாள். கோடு. “வேலை ஒழியணுமேடி!” என்று மெல்லிய குரலில் தானே பதில் சொல்லிச் சிரிக்கிறாள். குளிர்காலம் தொடங்கியதிலிருந்து இந்த இருவரும் அவள் வாயில்தான் குடியிருக்கிறார்கள். சாவிக்கொத்தோடு காவலர் சப்ரி எட்டிப் பார்க்கிறார். “யாரு டாக்டரம்மா உள்ள?” “ரெண்டு பொம்பளைங்க, சாச்சா. வாய் ஓய மாட்டேங்குது.” “அவங்களையும் கிளம்பச் சொல்லுங்க, பூட்டணும்.” சிரித்தபடியே துண்டின் மேலிருக்கும் தூசியைச் சின்னத் தூரிகையால் தட்டுகிறாள். கோடு தூரிகையோடு வந்துவிடுகிறது. மை இல்லை, வெறும் நார். அது இருந்த இடம் சுத்தமாக இருக்கிறது. தஹானி இரண்டு வரிகளையும் ஒரே குரலில், மெதுவாக, மறுபடி வாசிக்கிறாள். கேட்டவளே பதிலும் சொல்லிக்கொண்டிருக்கிறாள். வெயில் மேசையை விட்டு இறங்குகிறது. “என்னம்மா, கிளம்பிட்டாங்களா?” என்கிறார் சப்ரி. தஹானி தூரிகை முனையிலிருக்கும் நாரையே பார்க்கிறாள். “ஒருத்தி வரவே இல்ல, சாச்சா.”